வீட்டுக்கடன்: மாதம் எவ்வளவு என்று கேட்டீர்கள்... எத்தனை மாதம் என்று கேட்டீர்களா?

'வீட்டைக் கட்டிப் பார்' என்றார்கள் பெரியவர்கள். கட்டி முடித்த பிறகும் இருபது வருடங்களுக்குக் கட்டிக்கொண்டே இருக்க வேண்டும் என்பது நம் காலத்து விஷயம்.

வங்கியில் கடன் கிடைக்கும் என்று தெரிந்ததுமே வீட்டில் எல்லோரும் கேட்கிற கேள்வி ஒன்றுதான். 'மாசம் எவ்வளவு வரும்?' சம்பளத்தில் பள்ளிக் கட்டணம், மளிகை, பெட்ரோல், பெற்றோரின் மருந்துச் செலவு எல்லாம் போக இந்தத் தொகை தாங்குமா என்று ஒரு தாளில் கணக்குப் போடுகிறோம். தாங்கும் என்று தோன்றினால் கையெழுத்து போட்டுவிடுகிறோம்.

நியாயமான கேள்விதான். ஆனால், கடனின் உண்மையான விலை அந்த மாதத் தொகையில் தெரியாது. எத்தனை மாதங்கள் கட்டப் போகிறோம் என்பதில்தான் அது ஒளிந்திருக்கிறது.

ஒரு கணக்கு போட்டுப் பார்ப்போம். வீட்டின் விலை 50 லட்சம். கடன் 40 லட்சம். வட்டி 8.5 சதவிகிதம், கடைசிவரை மாறவே இல்லை என்று வைத்துக்கொள்வோம். 20 வருடத் தவணை. மாதம் 34,713 ரூபாய் இ.எம்.ஐ வரும். 240 மாதங்கள் கட்டி முடிக்கும்போது வங்கிக்குப் போயிருக்கும் மொத்தத் தொகை 83.31 லட்சம். அதாவது, வாங்கிய கடன் 40 லட்சம். அதற்கான வட்டி 43.31 லட்சம்.

முதல் மாதத் தவணையில் என்ன நடக்கிறது?

மாதா மாதம் மீதமிருக்கும் அசலுக்குத்தான் வட்டி. முதல் மாதம் 40 லட்சமும் அப்படியே இருக்கிறது. அதற்கு ஒரு மாத வட்டி மட்டுமே 28,333 ரூபாய். நாம் கட்டிய 34,713-ல் அது போக மிச்சம் 6,380 ரூபாய்தான் கடனைக் குறைக்கிறது. முதல் வருடம் முழுக்க 4.16 லட்சம் கட்டியிருப்போம்; கடன் குறைந்திருப்பது 80,000 ரூபாய்கூட இல்லை.

ஐந்து வருடங்கள் கழித்துக் கணக்கைப் பார்த்தால் பலருக்குத் தூக்கிவாரிப்போடும். 20.8 லட்சம் கட்டியாகிவிட்டது. கடன் மீதியோ 35.25 லட்சம். தவணையில் வட்டிப் பங்கைவிட அசல் பங்கு அதிகமாவதே 12-வது வருடத்தில்தான். கடனில் சரிபாதி, அதாவது 20 லட்சம், குறைவதற்கு 13 வருடம் 10 மாதம் ஆகிவிடும். 'அஞ்சு வருஷத்துல வித்துட்டுப் பெரிய வீடா வாங்கிக்கலாம்' என்ற திட்டத்தோடு கடன் வாங்குகிறவர்கள், அந்த ஐந்து வருடமும் பெரும்பாலும் வட்டி மட்டுமே கட்டியிருப்பார்கள் என்பதை நினைவில் வைப்பது நல்லது.

இதில் வங்கி ஏமாற்றுகிறது என்று சொல்ல ஒன்றுமில்லை. எல்லாக் கடன்களுக்கும் இதே கணக்குதான். ஆரம்ப வருடங்களில் கடன் பெரிதாக இருக்கிறது, அதனால் வட்டியும் பெரிதாக இருக்கிறது, அவ்வளவே.

4,000 ரூபாய் குறைத்தால்...

34,713 கொஞ்சம் அதிகமாக இருக்கிறதே என்று தயங்கினால், கடன் கொடுப்பவர் உடனே ஒரு வழி சொல்வார்: 'வருஷத்தைக் கூட்டிக்கலாம் சார்.' 30 வருடமாக மாற்றினால் இ.எம்.ஐ 30,757 ஆகிவிடும். மாதம் ஏறக்குறைய 4,000 ரூபாய் மிச்சம். கேட்க இனிமையாகத்தான் இருக்கிறது. ஆனால், கட்டப்போகும் வட்டி 43.31 லட்சத்திலிருந்து 70.72 லட்சமாகிவிடுகிறது. மாதம் 4,000 ரூபாய் நிம்மதிக்கு 27 லட்சம் விலை!

எதிர்த்திசையிலும் பாருங்கள். அதே கடனை 15 வருடத்தில் முடித்தால் இ.எம்.ஐ 39,390. கூடுதலாகக் கட்டுவது மாதம் 4,677. வட்டியில் மிச்சமாவது 12.4 லட்சம். ஒரு நடுத்தரக் குடும்பத்தில் பிள்ளையின் பொறியியல் படிப்பு இந்தப் பணத்துக்குள் முடிந்துவிடும்.

சொல்லாமல் நீளும் கடன்

இதுவரை போட்ட கணக்கில் வட்டி மாறவே இல்லை. நிஜத்தில் வீட்டுக்கடன்களில் பெரும்பாலானவை மாறும் வட்டிக் கடன்கள். 2019 அக்டோபர் முதல் வங்கிகள் தரும் புதிய மாறும் வட்டி வீட்டுக்கடன்கள், ரெப்போ விகிதம் போன்ற வெளி அளவுகோலோடு இணைக்கப்பட வேண்டும் என்பது ரிசர்வ் வங்கியின் விதி. ரெப்போ ஏறினால் மூன்று மாதத்துக்குள் நம் வட்டியும் ஏறும். வீட்டுவசதி நிதி நிறுவனங்களுக்கு இந்த விதி கிடையாது. அவை தங்கள் சொந்த அடிப்படை விகிதத்தை வைத்துக்கொள்கின்றன.

2022 மே மாதத்துக்கு முன் 4 சதவிகிதமாக இருந்த ரெப்போ, 2023 பிப்ரவரியில் 6.5 ஆனது. பத்தே மாதங்களில் இரண்டரை சதவிகித ஏற்றம். 2021 இறுதியில் 6.75 சதவிகிதத்தில் 40 லட்சம் கடன் வாங்கிய ஒரு குடும்பத்தை நினைத்துப் பாருங்கள். அவர்களுடைய இ.எம்.ஐ 30,415. வட்டி 9.25 ஆனபோது கடன் மீதி 38.5 லட்சத்துக்குக் குறையாமல் இருந்திருக்கும். அதற்கு ஒரு மாத வட்டி மட்டுமே 29,681 ரூபாய். பழைய இ.எம்.ஐ-யையே கட்டிக்கொண்டிருந்தால் அசலில் கழிவது மாதம் 734 ரூபாய்! அந்த வேகத்தில் கடன் முடிய இன்னும் 40 வருடங்கள் ஆகும். பழைய காலக்கெடுவுக்குள் முடிக்க வேண்டுமென்றால் இ.எம்.ஐ-யைச் சுமார் 36,300-க்கு உயர்த்தியிருக்க வேண்டும்.

பல வீடுகளில் இது நடந்தபோது யாருக்கும் தெரியவில்லை. காரணம், வங்கிகள் பொதுவாக இ.எம்.ஐ-யை அப்படியே வைத்துவிட்டு மாதங்களைக் கூட்டின. கணக்கிலிருந்து கழியும் தொகை மாறாததால் வீட்டில் எந்தச் சலனமும் இல்லை. 55 வயதில் முடியும் என்று நினைத்திருந்த கடன் ஓய்வுபெற்ற பிறகும் தொடரும் என்பது, ஏதோ ஒரு காரணத்துக்காகக் கணக்கு அறிக்கை எடுத்துப் பார்த்தபோதுதான் தெரிந்தது.

இந்தக் குழப்பத்துக்குப் பிறகுதான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி ஒரு சுற்றறிக்கை வெளியிட்டது. வட்டி மாறும்போது இ.எம்.ஐ-யைக் கூட்டுவதா, காலத்தைக் கூட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சம் செய்வதா என்று தேர்ந்தெடுக்கும் வாய்ப்பைக் கடன் வாங்கியவருக்குத் தர வேண்டும். தவணை, வட்டியைக்கூட ஈடுகட்டாத நிலைக்குப் போகக் கூடாது. இதுவரை பிடித்த அசல், வட்டி, தற்போதைய இ.எம்.ஐ, மீதமுள்ள தவணைகளின் எண்ணிக்கை, வருடாந்தர வட்டி ஆகியவற்றைக் காட்டும் அறிக்கையை ஒவ்வொரு காலாண்டும் தர வேண்டும். அந்த அறிக்கை வங்கியின் செயலியிலோ மின்னஞ்சலிலோ எங்கோ கிடக்கும். அதில் 'மீதமுள்ள தவணைகள்' என்ற ஒரே ஒரு எண்ணை மட்டும் மூன்று மாதத்துக்கு ஒருமுறை காலண்டரில் குறித்து வையுங்கள். மூன்று குறைந்திருக்க வேண்டும். கூடியிருந்தால் அன்றைக்கே வங்கிக்குப் போக வேண்டும்.

2025-ல் ரெப்போ இறங்கத் தொடங்கி, ஜூனில் 5.5 சதவிகிதத்துக்கு வந்தது. இறங்கும்போது அந்தப் பலன் நம் கணக்குக்கும் வந்து சேர்ந்ததா என்று பார்ப்பது நம் வேலை. புதிதாகக் கடன் வாங்குபவருக்கு உங்களைவிடக் குறைந்த வட்டி கிடைக்கிறது என்று தெரிந்தால், 'எனக்கும் குறையுங்கள்' என்று எழுதிக் கொடுக்கலாம். ஒரு சிறு கட்டணம் வாங்கிக்கொண்டு மாற்றித் தருவது வழக்கத்தில் உள்ளதுதான். 35 லட்சம் மீதி, 15 வருடம் பாக்கி என்றால், 9 சதவிகிதத்துக்கும் 8.5-க்கும் உள்ள வித்தியாசம் மாதம் 1,033 ரூபாய், மொத்தத்தில் 1.86 லட்சம். ஒரு கடிதத்துக்கு இது மோசமில்லை.

கடனோடு ஒட்டிக்கொண்டு வருபவை

30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையிலான கடன் என்றால், வீட்டு மதிப்பில் 80 சதவிகிதம் வரைதான் வங்கி தரலாம். பத்திரச் செலவு அந்த மதிப்பில் சேராது. தமிழ்நாட்டில் விற்பனைப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவிகிதம், பதிவுக் கட்டணம் 2 சதவிகிதம். முதல்முறை விற்கப்படும் அடுக்குமாடி வீட்டுக்கு விலையைப் பொறுத்துச் சற்றுக் குறையலாம். 50 லட்சத்துக்குப் பழைய வீடு வாங்கினால் 4.5 லட்சம் இதற்கே தனியாக வேண்டும். 'கையிலிருந்து பத்து லட்சம் போதும்' என்று இறங்கியவர்கள் கடைசி நேரத்தில் நகையை அடகு வைப்பதும், தனிநபர் கடன் வாங்குவதும் இந்த இடத்தில்தான். அந்த வட்டியும் வீட்டின் விலையில் சேர்த்தி.

அடுத்தது காப்பீடு. கடன் வாங்கியவருக்கு ஏதேனும் ஆகிவிட்டால் குடும்பம் தெருவுக்கு வரக் கூடாது. ஆகவே காப்பீடு அவசியம்தான். ஆனால், கடன் தரும் இடத்திலேயே எடுத்தாக வேண்டும் என்று விதி ஏதும் இல்லை. ஒரே தவணை பிரீமியமாக 1.5 லட்சத்தைக் கடனோடு சேர்த்துவிட்டால், 20 வருடத்தில் அதற்காக மட்டும் 3.12 லட்சம் கட்டுவோம். தனியாக ஒரு டேர்ம் பாலிசியின் பிரீமியத்தைக் கேட்டு ஒப்பிட்டுவிட்டு முடிவெடுங்கள்.

இந்தக் கட்டணங்கள் எல்லாவற்றையும் ஒரே இடத்தில் பார்க்க இப்போது வழி இருக்கிறது. 2024 அக்டோபர் முதல், கடன் ஒப்பந்தத்துக்கு முன் 'முக்கிய விவர அறிக்கை' தர வேண்டும் என்பது கட்டாயம். கட்டணங்களையும் சேர்த்த வருடாந்தரச் செலவு விகிதம் அதில் இருக்கும். இரண்டு வங்கிகளை ஒப்பிடும்போது விளம்பரத்தில் உள்ள வட்டியை விட்டுவிட்டு இந்த விகிதத்தைப் பாருங்கள்.

'வரி மிச்சமாகும்ல?' என்று ஒரு கேள்வி வரும். சொந்தமாகக் குடியிருக்கும் வீட்டின் வட்டிக்கு வருடம் 2 லட்சம் வரை கழிவு என்பது பழைய வரி முறையில்தான். புதிய முறையில் அது கிடையாது. 2025-26 நிதியாண்டு முதல் புதிய முறையில் 12 லட்சம் வரையிலான சம்பளம் போன்ற வருமானத்துக்கு வரியே இல்லை என்றான பிறகு, வரிக்காக வீட்டுக்கடன் என்பது பல குடும்பங்களுக்கு அர்த்தமில்லாத வாதமாகிவிட்டது.

அப்படியானால் கடனே வேண்டாமா?

அப்படிச் சொல்ல முடியாது. 43 லட்சம் வட்டி என்ற எண்ணை மட்டும் பார்த்து மலைப்பதும் தவறு. அந்த 20 வருடமும் வாடகை மிச்சம். விலைவாசி வருடம் 5 சதவிகிதம் ஏறினால், 20-வது வருடத்தில் கட்டும் 34,713 ரூபாய் இன்றைய மதிப்பில் சுமார் 13,000 ரூபாய்தான். சம்பளமும் ஏறும். ஆரம்பத்தில் மூச்சு முட்டும் இ.எம்.ஐ, பத்து வருடம் கழித்துச் சாதாரணமாகிவிடும்.

அப்படிச் சாதாரணமாகும்போது என்ன செய்கிறோம் என்பதுதான் கேள்வி. சம்பளம் ஏற ஏற இ.எம்.ஐ-யையும் வருடம் 5 சதவிகிதம் ஏற்றிக்கொண்டே போனால், நம் 40 லட்சம் கடன் 12 வருடம் 3 மாதத்தில் முடிந்துவிடும். வட்டியில் மிச்சம் 15 லட்சத்துக்கு மேல். அவ்வளவு முடியாது என்றால், போனஸ் வரும்போது வருடத்துக்கு ஒரே ஒரு இ.எம்.ஐ கூடுதலாகக் கட்டுங்கள். சுமார் 3 வருடம் 3 மாதம் முன்பே முடியும். 8 லட்சம் மிஞ்சும். தனிநபர்களின் மாறும் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டியே அடைக்க வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்று 2012-லேயே ரிசர்வ் வங்கி சொல்லிவிட்டது. பணம் கட்டும்போது 'இ.எம்.ஐ-யைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்' என்று எழுத்தில் சொல்லிவிடுங்கள்.

'அந்தப் பணத்தை மியூச்சுவல் ஃபண்டில் போட்டால் இன்னும் அதிகம் வருமே' என்பவர்கள் உண்டு. வரலாம், வராமலும் போகலாம். கடனை அடைத்தால் 8.5 சதவிகிதம் உறுதி. ஆனால், ஆறு மாத இ.எம்.ஐ-க்கான பணம் தனியே கையிருப்பில் இல்லாமல் முன்கூட்டியே கட்டப் போகாதீர்கள். வேலை போனால் வங்கி பழைய கணக்கைப் பார்த்துக் காத்திருக்காது.

இன்னொரு விஷயம், குறிப்பாகப் பெண்களுக்கு. கணவரின் சம்பளம் மட்டும் போதாதபோது மனைவியின் சம்பளத்தையும் சேர்த்துக் கடன் வாங்குவது சகஜம். இணைக் கடன்தாரராகக் கையெழுத்து போட்டால் முழுக்கடனுக்கும் நீங்களும் பொறுப்பு. பத்திரத்தில் உங்கள் பெயர் இருக்கிறதா என்பதைப் பதிவுக்கு முன்பே பாருங்கள். கடனில் பெயர் இருந்து, வீட்டில் பெயர் இல்லாத பெண்கள் நம் அக்கம்பக்கத்திலேயே இருக்கிறார்கள்.

கடைசித் தவணை கட்டிய அன்று வேலை முடிந்துவிடாது. அசல் பத்திரங்களை 30 நாள்களுக்குள் திருப்பித் தர வேண்டும். தாமதத்துக்கு வங்கி காரணமென்றால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு தர வேண்டும் என்று 2023 டிசம்பர் முதல் விதி நடைமுறையில் இருக்கிறது. அடமானத்தைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு செய்திருந்தால் அதற்கான ரத்துப் பத்திரத்தையும் பதிவு செய்தாக வேண்டும். அது முடிந்த பிறகு வில்லங்கச் சான்று ஒன்று எடுத்து, அந்த ரத்து அதில் ஏறியிருக்கிறதா என்று பார்த்துவிட்டுப் பத்திரத்தோடு சேர்த்துப் பீரோவில் வையுங்கள்.