கல்லும் காலும் – 14: தோம்புக் கோபுரம்

சென்ற வாரம் லிஸ்பனின் ஆற்றங்கரைச் சதுக்கத்தில் நின்றோம். 1755 நவம்பர் 1 காலையில் நிலம் ஆடியதும், கடல் ஏறியதும், நாள்கணக்கில் நெருப்பு எரிந்ததும் நினைவிருக்கும்; திரும்பச் சொல்ல இடமில்லை. 1554-இல் இதே ஊரில் அச்சான தமிழ்ப் புத்தகத்தை இந்த வாரம் எடுத்துக்கொள்வதாகச் சொல்லியிருந்தேன். அதற்குள் நுழையுமுன் இந்தத் தொடருக்கே அடிப்படையான ஒரு கேள்வியைத் தீர்த்துவிடலாம். பழைய நகரம் ஒன்றை நடந்து பார்க்கக் கால்கள் போதும். கையில் போன் இருக்கிறது, தெருவுக்குத் தெரு பெயர்ப்பலகை இருக்கிறது. பிறகு எதற்குக் காசு கொடுத்துத் தனியாக ஒரு வழிகாட்டியை அமர்த்திக்கொண்டு மூன்று மணி நேரம் அவரோடு நடக்க வேண்டும்?

பழைய நகரத்தில் கண்ணில் படுவது பாதிதான், அந்தப் பாதியும் பல நேரம் ஏமாற்றும் என்பதே என் பதில். லிஸ்பன் இதற்கு நல்ல சாட்சி. குன்றின்மேல் இருக்கும் சாவ் ஜோர்ஜ் கோட்டையை அண்ணாந்து பார்ப்பவர்கள், மதிலையும் வரிசையாக நிற்கும் ஞாயில்களையும் கண்டு, இடைக்காலம் அப்படியே நிற்கிறது என்று நினைத்துக்கொள்வார்கள். கோட்டை பழையதுதான். ஆனால் இன்றைய அதன் தோற்றத்தில் பெரும்பகுதி 1938-க்கும் 1940-க்கும் இடையில், சர்வாதிகாரி சலசாரின் ஆட்சியில், தேசத்தின் பெருவிழாவை ஒட்டிச் சீரமைத்துக் கட்டியது. கீழே இறங்கி பாய்ஷா எனப்படும் தாழ்நிலக் கடைவீதிகளுக்கு வந்தால் நேர்மாறு. நூல் பிடித்ததுபோல் தெருக்கள், ஒரே அச்சில் வார்த்ததுபோல் சன்னல்கள், துணிக்கடை, காபிக்கடை. யாரும் நின்று பார்க்கமாட்டார்கள். உலகத்தின் கட்டடக்கலை வரலாற்றில் இடம்பிடித்த வேலை ஒன்று அந்தச் சாதாரணச் சுவர்களுக்குள் ஒளிந்திருக்கிறது. பழையதாகத் தோன்றுவது புதிது. சாதாரணமாகத் தோன்றுவது அபூர்வம். இதைக் கண் மட்டும் எப்படிக் கண்டுபிடிக்கும்?

சுவருக்குள் இருப்பது ஒரு கூண்டு. அதன் பெயரே கயோலா. போர்த்துகீசிய மொழியில் பறவைக் கூண்டு என்று பொருள். தரைத்தளம் கல்லும் வளைவுமாக இருக்கும். முதல் மாடியிலிருந்து மரம் தொடங்குகிறது: நிற்கும் கால்கள், படுக்கும் சட்டங்கள், அவற்றுக்கு நடுவே பெருக்கல் குறிபோல மூலைக்கு மூலை போன கட்டைகள். இடைவெளிகளில் கல்லும் சுண்ணாம்புச் சாந்தும் அடைத்து மேலே பூசிவிட்டால், உள்ளே மரம் இருப்பதே தெரியாது. நிலம் ஆடினால் பூச்சு உதிரலாம், அடைத்த கல்லும் விழலாம். மரக்கூண்டு வளைந்துகொடுத்து நிற்கும் என்பது கணக்கு. வீட்டுக்கு வீடு நெருப்பு தாவாதபடி இடையில் கற்சுவர் எழுப்பி, கூரைக்கும் மேலே கொண்டுபோயிருக்கிறார்கள். இன்னும் கீழே போனால் ஆற்றோரச் சேற்றில் அறைந்து இறக்கிய பைன் மரக் கழிகள். நிலத்தடி நீரில் மூழ்கிக் காற்றுப் படாமல் இருக்கும்வரை அவை மக்குவதில்லை. மேலே நடப்பவரின் காலுக்கும் இந்தக் கழிகளுக்கும் இடையில் சில மீட்டர் ஆழம்தான்.

இதையெல்லாம் யோசித்தவர்களில் மூத்தவர் மனுவேல் டா மாயா. நிலநடுக்கத்தின்போது அவருக்கு வயது 78. நாட்டின் தலைமைப் பொறியாளர். அமைச்சர் பொம்பாலின் பெயர் உலகத்துக்கே தெரியும், பொம்பால் என்ற பட்டம் அவருக்கு 1769-இல்தான் கிடைத்தது என்றாலும். மாயாவின் பெயர் அவ்வளவு தூரம் போகவில்லை. நகரம் விழுந்த 33-ஆம் நாள், டிசம்பர் 4-இல், அவர் தம் அறிக்கையின் முதல் பகுதியைக் கொடுத்துவிட்டார். அதில் ஐந்து வழிகளை வரிசைப்படுத்தினார். பழைய ஊரை இருந்தபடியே திரும்பக் கட்டுவது ஒரு முனை. இடிபாட்டை விட்டுவிட்டு பெலேம் பக்கம் புதிய தலைநகரம் எழுப்புவது மறுமுனை. தேர்ந்தெடுக்கப்பட்டது நான்காவது: தாழ்நிலத்தை முழுக்க இடித்துத் தள்ளி, அதே இடத்தில் அகலத் தெருக்களோடு புதிதாகக் கட்டுவது. யுஜேனியோ டோஸ் சாண்டோஸ், ஹங்கேரியில் பிறந்த கார்லோஸ் மார்டெல் ஆகியோரின் வரைபடம் பிறகு அதற்கு உருவம் கொடுத்தது.

இந்த வாரம் என்னைப் பிடித்துக்கொண்டு விடாத செய்தி மாயாவின் இன்னொரு வேலை. பொறியாளராக இருந்துகொண்டே அவர் அரசு ஆவணக் காப்பகத்தின் தலைவராகவும் இருந்தார். 14-ஆம் நூற்றாண்டிலிருந்து அந்தக் காப்பகம் கோட்டையின் கோபுரம் ஒன்றில் இயங்கிவந்தது. அதன் பெயர் டோர்ரெ டு டோம்பு. டோர்ரெ என்றால் கோபுரம். டோம்பு என்றால் நிலம், சொத்து, உரிமை ஆகியவற்றின் பதிவேடு. இலங்கைத் தமிழர்களுக்கு இந்தச் சொல்லை விளக்கவே வேண்டாம். தோம்பு! போர்த்துகீசியர் 1619-இல் யாழ்ப்பாணத்தைப் பிடித்தபின் காணி, வரி, ஊழியம் எல்லாவற்றையும் பதிந்த ஏடுகளுக்கு அந்தப் பெயர்தான்; பின்னால் வந்த ஒல்லாந்தரும் தோம்பு எழுதினார்கள்; சொல் தமிழிலேயே தங்கிவிட்டது. யாழ்ப்பாணத்துக் காணி வரலாற்றைப் பேசுகிறவர் வாயில் வரும் சொல்லும், லிஸ்பன் கோட்டைக் கோபுரத்தின் பெயரும் ஒன்றே. நிலநடுக்கத்தில் அந்தக் கோபுரம் இடிந்தது. நகரமே எரிந்துகொண்டிருந்த நாட்களில் 78 வயது மாயா ஏடுகளை இடிபாட்டிலிருந்து எடுக்கச் செய்து, கோட்டை மைதானத்தில் மரக்கொட்டகை போட்டு வைத்தார். 1757-இல் அவை சாவ் பென்டு மடாலயத்துக்குப் போயின. அந்த மடாலயம்தான் இன்றைய நாடாளுமன்றம். 1990-இல் காப்பகம் பல்கலைக்கழகப் பகுதியில் சொந்தக் கட்டடத்துக்கு மாறியது. கோபுரத்தை விட்டு இத்தனை காலம் ஆகியும் நிறுவனத்தின் பெயர் இன்றைக்கும் தோம்புக் கோபுரம்தான். நகரத்தைத் திரும்பக் கட்ட யோசனை சொன்னவரும், நகரத்தின் ஞாபகத்தைக் குப்பையிலிருந்து பொறுக்கியெடுத்தவரும் ஒரே கிழவர். லிஸ்பனைப் பற்றி ஒரே ஒரு செய்திதான் சொல்ல முடியும் என்றால் நான் இதைத்தான் சொல்வேன்.

இங்கே ஒரு மறுப்பு எழும். இவ்வளவையும் எழுத்திலேயே சொல்லிவிட முடிகிறதே, படித்துவிட்டுப் போனால் போதாதா? படித்துவிட்டுப் போவது நல்லது; ஆனால் அதனால் வழிகாட்டியின் வேலை குறைந்துவிடாது. புத்தகத்துக்கு நீங்கள் எங்கே நிற்கிறீர்கள் என்று தெரியாது. வீட்டின் உயரம் தெருவின் அகலத்தை மிஞ்சக் கூடாது என்று மாயா எழுதினார் என்பதைப் படித்தால் அது ஒரு வாக்கியம். முக்கியத் தெருக்களின் அகலம் 60 சாண், சுமார் 13 மீட்டர். அவுகுஸ்தா தெருவின் நடுவில் உங்களை நிறுத்தி, ஓரத்திலிருந்து ஓரத்துக்கு நடந்து எண்ணச் சொல்லி, பிறகு தலையைத் தூக்கி, பின்னாளில் யாரோ ஏற்றிய மாடி எது என்று காட்டும்போது அது உடம்பில் பதிகிற அளவாகிறது. போன் இடத்தை அறியும், ஆளை அறியாது. எல்லோருக்கும் ஒரே பாடத்தை ஒரே வேகத்தில் ஒப்பிக்கும். முக்கியமாக, எதைக் கேட்பது என்று தெரியாதவருக்குப் போனால் ஒரு பயனும் இல்லை. சாதாரணச் சுவருக்குமுன் நின்று, இதற்குள் என்ன இருக்கிறது என்று யார் தேடப்போகிறார்கள்?

சரி, வழிகாட்டி வேண்டும். தனியாக எதற்கு, முப்பது பேரோடு கொடியைப் பார்த்துக்கொண்டு போனால் ஆகாதா? ஐரோப்பியத் தரநிலை சுற்றுலா வழிகாட்டிக்குத் தரும் வரையறையில் இரண்டு கூறுகள் கவனிக்கத்தக்கவை: பார்வையாளர் விரும்பும் மொழியில் விளக்குபவர்; குறிப்பிட்ட பகுதிக்கென்றே தகுதி பெற்றவர். விளக்கம் கேட்பவரிடமிருந்து தொடங்க வேண்டும் என்பது அந்த வரையறைக்குள்ளேயே இருக்கிறது. முப்பது பேர் கூட்டத்தில் எல்லோருக்கும் பொதுவானதைத்தான் சொல்ல முடியும். அரசியலில் ஆர்வம் உள்ளவருக்கு கார்மு சதுக்கத்தில் ஒரு மணி நேரம் போதாது. நிலநடுக்கத்தில் கூரை போன தேவாலயத்தின் வளைவுகள் அங்கே இன்றும் வானத்தைப் பார்த்தபடி நிற்கின்றன. பக்கத்துப் படைமுகாமில்தான் 1974 ஏப்ரல் 25-இல் சர்வாதிகாரத்தின் கடைசிப் பிரதமர் கயெட்டானு சரணடைந்தார். வெளியே படையோடு நின்ற கேப்டனின் பெயர் சல்கெய்ரு மாயா; இன்னொரு மாயா. கட்டடப் பொறியாளருக்கு இந்தச் சதுக்கம் பத்து நிமிடம், கயோலா இரண்டு மணி நேரம். யாழ்ப்பாணத்திலிருந்து வந்து ‘தோம்பு’ என்று ஒரு சொல்லைச் சொல்கிறவருக்கோ நடையின் பாதையே மாறும்: கோட்டைக் கோபுரத்தில் தொடங்கி, மரக்கொட்டகை நின்ற மைதானத்தைக் கடந்து, சாவ் பென்டுவில் முடியும். அப்படி ஒரு நடை எந்தக் கூட்டத்தின் நிரலிலும் இருக்காது.

இதைவிட வலுவான மறுப்பு ஒன்று இருக்கிறது: வழிகாட்டிகள் கதை விடுவார்கள். உண்மைதான். கயோலாவைச் சோதிக்க மாதிரி வீடு ஒன்றைக் கட்டி, சுற்றிலும் சிப்பாய்களை அணிவகுத்து நடக்கவிட்டு நிலத்தை அதிரச் செய்தார்கள் என்ற கதை லிஸ்பன் தெருக்களில் தினம் பல முறை சொல்லப்படுகிறது. கேட்க அழகான கதை. அறிக்கையில் இருப்பது இன்னது, வாய்வழி வந்தது இன்னது என்று பிரித்துச் சொல்பவரே நல்ல வழிகாட்டி. தனி நடையில் அந்தப் பிரிவினையைக் கேட்டு வாங்கவும் முடியும். ‘இது எங்கே எழுதியிருக்கிறது?’ என்று முப்பது பேர் நடுவில் குரல் எழுப்பத் தயங்குகிறவர்கள் இரண்டு பேராக இருக்கும்போது தயங்குவதில்லை. பொய்யைவிட எனக்குக் கவலை தருவது சொல்லாமல் விடுவது. ரொஸியூ சதுக்கத்தை ஒட்டி சாவ் டொமிங்கு தேவாலயம் இருக்கிறது. 1959 தீயில் வெந்த தூண்களை மூடி மறைக்காமல் விட்டிருக்கிறார்கள். அதன் வாசலில் 1506-இல் தொடங்கிய கலவரத்தில், கட்டாயமாக மதம் மாற்றப்பட்ட யூதர்கள் ஆயிரக்கணக்கில் கொல்லப்பட்டார்கள். நினைவுக்கல் 2008-இல்தான் வந்தது. பத்தடி தூரத்தில் செர்ரி மதுக்கடை. கூட்டத்தை நேராக மதுக்கடைக்கு ஓட்டிச் செல்பவரும் வழிகாட்டிதான், கல்லின்முன் நிறுத்திவிட்டுச் சற்று நேரம் பேசாமல் நிற்பவரும் வழிகாட்டிதான். இரண்டாமவரைத் தேடிக் கண்டுபிடிக்க வேண்டியது பயணியின் பொறுப்பு.

செலவு பற்றிய மறுப்பை ஏற்றுக்கொள்கிறேன். தனி நடை எல்லோருக்கும் கட்டுப்படியாகாது. நான்கைந்து பேர் குடும்பமாகச் சேர்ந்து போனால் பாரம் குறையும், அவ்வளவுதான். அதேபோல, வழி தவறித் திரிவதில்தான் சுகம் என்பவர்களோடும் முழுக்க முரண்பட மாட்டேன். பாறைமேல் இருந்ததால் பெருமளவு தப்பிப் பிழைத்த அல்ஃபாமாவில், துணி உலரும் சந்துகளில், படிக்கட்டு போன போக்கில் போகலாம். அங்கே ஊர் தானே பேசும். பாய்ஷாவில் திரிந்து பயனில்லை. கட்டம் போட்ட தெருவில் வழியும் தவறாது, எதிர்பாராததும் எதிர்ப்படாது. அங்கே ஊர் சொல்ல வேண்டியது எல்லாம் தரைக்கு அடியிலும் பூச்சுக்கு உள்ளேயும் இருக்கிறது. பெயர்களிலும் இருக்கிறது: 1760 நவம்பர் 5-இல் அரசாணை போட்டுப் பெயர் வைத்து, பொன் வேலைக்காரருக்கு ஒரு தெரு, செருப்புத் தைப்பவருக்கு ஒரு தெரு என்று பிரித்துக் கொடுத்தார்கள். ஆற்றங்கரைச் சதுக்கத்துக்கு வணிகச் சதுக்கம் என்று புதுப்பெயர் வைத்து இரண்டரை நூற்றாண்டு ஆகிறது. மக்கள் இன்னும் ‘அரண்மனை முற்றம்’ என்றுதான் சொல்கிறார்கள். அரண்மனை 1755-இலேயே போய்விட்டது.

கொர்ரியெய்ரோஸ் தெருவில் ஒரு வங்கிக் கட்டடத்துக்கு அடியில் வழிகாட்டியோடு இறங்கினால் அந்தப் பைன் கழிகளையே பார்க்கலாம். அவற்றுக்குப் பக்கத்தில், ரோமானியர்கள் மீனை உப்பிட்டு வைத்த தொட்டிகள். கொன்செய்சாவ் தெருவில், 28-ஆம் எண் டிராம் போகும் தண்டவாளத்தை ஒட்டி, தரையோடு தரையாக ஒரு மூடி இருக்கிறது. நகரத்தைத் திரும்பக் கட்டும்போது 1771-இல் கண்டுபிடித்த ரோமானிய நிலவறைகளுக்கு அதுதான் வாசல். உள்ளே எப்போதும் தண்ணீர் நிற்பதால், ஆண்டில் சில நாட்கள் மட்டும் இறைத்துவிட்டுத் திறக்கிறார்கள். மற்ற நாட்களில் அந்த மூடியை மிதித்துக்கொண்டு ஆயிரக்கணக்கானவர்கள் நடந்துபோகிறார்கள். ரோமானியக் கல்லுக்கும் பொம்பாலின் தெருவுக்கும் இடையில், 1554-இன் லிஸ்பன் கிடக்கிறது. தமிழ்ச் சொற்களை ரோமன் எழுத்தில் கோத்து அச்சுக்கு அனுப்பிய ஊர் அது. அந்தப் புத்தகம் அடுத்த வாரம்.