குரலே ஆயுதம்



ஜப்பானில் குறுந்தகடுகளாக வெளியாகும் ஒலி நாடகங்களுக்கு ரசிகர்கள் ஏராளம். முகம் தெரியாத இந்நாடகங்களில், அடங்க மறுப்பவரைக் குரல்தான் அடையாளம் காட்டும். மேலிடத்தில் இருப்பவரிடம் மரியாதைச் சொற்களை உதறிவிட்டுப் பேசினாலே போதும், கலகம் தொடங்கிவிட்டது என்று கேட்பவருக்குப் புரிந்துவிடும்.

2017-இல் கிங் ரெக்கார்ட்ஸ் நிறுவனம் தொடங்கிய ‘ஹிப்னாஸிஸ் மைக்’ தொடர், குரலையே அதிகாரப் போட்டியின் களமாக்கியது. கதையில் பெண்கள் ஆட்சியைப் பிடித்து, ஆயுதங்களைத் தடைசெய்கிறார்கள். ஆட்சி மையமான சூவோவில் ஆண்களுக்கு இடமில்லை. இகெபுகுரோ, யோகோஹாமா, ஷிபுயா, ஷிஞ்ஜுகு ஆகிய பகுதிகளின் ஆண்கள் அணிகள் மனத்தைத் தாக்கும் ஒலிவாங்கிகளை ஏந்தி, ராப் பாடி நிலத்துக்காக மோதுகின்றன. அடங்காதவர்கள் மோதும் களத்துக்கும் ஆள்பவர்களே விதி வகுக்கிறார்கள் என்பதுதான் இக்கதையின் கூர்மை!