ஊர்ப்பெயரும் நாடகமும்

சென்ற மாத உரைக்குப் பிறகு ஒரு தாயார் கேட்டார்: "பிள்ளை இங்கிலிஷிலை எழுதினா அது தமிழருடைய இலக்கியம் ஆகுமோ?"

இதே கேள்வியோடு அயர்லாந்துக்காரரும் நெடுநாள் மல்லுக்கட்டியவர்கள். பிரையன் ஃபிரீலின் 'ட்ரான்ஸ்லேஷன்ஸ்' நாடகம் 1980இல் டெரி நகரில் மேடையேறியது. கதை 1833இல் நடக்கிறது. பிரித்தானிய இராணுவ நில அளவையாளர்கள் டொனெகல் கிராமமொன்றுக்கு வந்து, ஐரிஷ் ஊர்ப்பெயர்களை ஆங்கிலமாக்கி வரைபடத்தில் ஏற்றுகிறார்கள். மேடையில் ஊரவர் பேசுவது ஐரிஷ் என்று நாங்கள் எண்ணிக்கொள்ள வேண்டும். காதில் விழுவதோ பெரும்பாலும் ஆங்கிலம்! ஐரிஷில் எழுதியிருந்தால் பார்க்க வந்தவர்களில் பலருக்கு விளங்கியிராது. மொழி போன கதையை வந்த மொழியிலேயே சொல்லவேண்டிய நிலை.

கவிஞர் மைக்கல் ஹார்ட்னெட் 1975இல், இனி ஐரிஷில் மட்டுமே எழுதுவேன் என்றார். பத்து வருடத்தில் ஆங்கிலத்துக்கும் திரும்பினார். நான் அவரைக் குறைசொல்ல மாட்டேன்.

அந்தத் தாயார் மகனின் கதையை எனக்கு அனுப்புவதாகச் சொல்லியிருக்கிறார்.