மூன்று பேர் மாறினார்கள், ஆட்சி கவிழ்ந்தது

2008 மார்ச் 8 தேர்தலில் மலேசியாவின் பேரா மாநிலச் சட்டமன்றத்தின் 59 இடங்களில் 31 பிகேஆர், ஜசெக, பாஸ் ஆகிய எதிர்க்கட்சிகள் வசமாயின. பின்னர் அவை பக்காத்தான் ராக்யாட் கூட்டணியாயின. முந்திய நவம்பரில் இந்தியர்களின் உரிமைக்காக நடந்த ஹிண்ட்ராஃப் பேரணியின் சூடு அப்போதும் ஆறவில்லை. ரப்பர் தோட்டங்கள் கைமாறித் துண்டாடப்பட்டபின் ஈப்போ, சுங்கை சிப்புட் பக்கம் குடிவந்த தமிழர்களில் பலர், காலங்காலமாகத் தேசிய முன்னணியின் தராசுச் சின்னத்துக்கே வாக்களித்தவர்கள், அந்த முறை மாற்றிப் போட்டார்கள். பாஸ் கட்சியின் நிசார் ஜமாலுடின் மந்திரி பெசார் எனும் மாநில முதல்வரானார். ஜசெகவின் வி.சிவகுமார் சபாநாயகரானார்.

அந்த ஆட்சி பதினொரு மாதங்கூட நீடிக்கவில்லை. 2009 பிப்ரவரியில் பிகேஆரின் இருவரும், துணைச் சபாநாயகராக இருந்த ஜசெகவின் ஜெலாப்பாங் உறுப்பினரும் கட்சியை விட்டு விலகித் தேசிய முன்னணிக்கு ஆதரவு தந்தார்கள். சட்டமன்றத்தைக் கலைக்கும்படி நிசார் கேட்டார். சுல்தான் அஸ்லான் ஷா மறுத்தார். பிப்ரவரி 6 அன்று தேசிய முன்னணியின் தலைமைக் கட்சியான அம்னோவின் சம்ப்ரி அப்துல் காதிர் பதவியேற்றார். மே 7 அன்று சிவகுமார் அவையிலிருந்து இழுத்து வெளியேற்றப்பட்டார். அதைப் பார்த்து மனம் கொதித்த வாக்காளர் பலர்.

இது எப்படிச் சாத்தியமானது? மந்திரி பெசாரை மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுப்பதில்லை. பெரும்பான்மை உறுப்பினர்களின் நம்பிக்கை யாருக்கு உண்டு என்று சுல்தான் கருதுகிறாரோ அவரையே நியமிக்கிறார். அந்த நம்பிக்கை போய்விட்டதா என்பதை அவையில் வாக்கெடுத்துத்தான் தீர்மானிக்க வேண்டியதில்லை என்று 2010 பிப்ரவரியில் கூட்டரசு நீதிமன்றம் தீர்ப்பளித்தது. கட்சி தாவியவரின் பதவியைப் பறிக்கவும் அப்போது வழியிருக்கவில்லை. அப்படிச் செய்த கிளந்தான் சட்டம் சங்கம் சேரும் உரிமைக்கு முரணானது என்று 1992லேயே நீதிமன்றத்தால் செல்லாததாக்கப்பட்டிருந்தது.

ஒன்றை மறைக்கக்கூடாது. அதே 2009 ஜனவரியில் அம்னோவின் போத்தா உறுப்பினர் பிகேஆருக்கு வந்தபோது பக்காத்தான் அவரை வரவேற்றது. சில நாட்களில் அவர் திரும்பிப் போய்விட்டார். தாவி வந்தவரைக் கட்டித் தழுவிய கட்சி, தாவிப் போனவரைத் துரோகி என்று ஏசுவது எடுபடாது.

2022 அக்டோபரில் நடப்புக்கு வந்த கட்சித் தாவல் தடைச் சட்டத்தின்படி, கட்சியிலிருந்து விலகும் நாடாளுமன்ற உறுப்பினர் தம் இடத்தை இழப்பார். ஆனால் கட்சியே நீக்கினால் பதவி தப்பும். ஒரு கட்சி மொத்தமாகக் கூட்டணி மாறினாலும் யாருடைய இடமும் போகாது. இந்தச் சட்டம் வருமுன் 2020இல் நடந்ததும் அதுதான்: பெர்சத்து கட்சி பக்காத்தான் ஹராப்பான் கூட்டணியை விட்டு வெளியேறிய பிறகு, பேராவிலும் ஆட்சி மாறியது. பெர்சத்துவின் அதே மந்திரி பெசார் புதிய கூட்டணியோடு தொடர்ந்தார். மக்கள் வாக்களித்ததோ பக்காத்தான் ஹராப்பானுக்கு. கட்சியே இப்படிக் கூட்டணி மாறுவதையும் சட்டம் தடுத்தாக வேண்டும். வாக்குக் கேட்டு வருகிறவரிடம் ஈப்போவின் புந்தோங்கில் இருப்பவர்களும் சுங்கை சிப்புட்டில் இருப்பவர்களும் முதலில் இதைத்தான் கேட்க வேண்டும்.