உறையுமுன் காக்கும் ஊசி



சிசேரியன் செய்த தாய்மார் சிலருக்கு வயிற்றுத் தோலின் கீழ் ஓர் ஊசி போடுவார்கள். அதற்கு வைத்தியர்கள் சொல்லும் பெயர் 'திரொம்போபுரொஃபிலாக்ஸிஸ்'. கிரேக்க மொழியில் 'திரொம்போஸ்' என்றால் உறைந்த கட்டி; மீதிச் சொல்லுக்கு முன்கூட்டிக் காவல் செய்தல் என்று பொருள். "இரத்தத்தை நீராக்கும் ஊசி" என்பது சரியல்ல. இரத்தம் நீராவதில்லை, எளிதில் கட்டியாகாமல் தடுக்கப்படுகிறது, அவ்வளவுதான்.

கர்ப்ப காலத்திலும் பிரசவத்தின் பின் ஆறு வாரங்கள் வரையிலும் இரத்தம் இலகுவில் உறையும். நாற்பது முடியுமட்டும் படுத்தே கிடந்தால் காலில் கட்டி உண்டாகலாம். அது நுரையீரலை அடைந்தால் உயிருக்கே ஆபத்து. ஆகவே டொக்டர் அனுமதித்ததும் எழுந்து நடமாடுங்கள். ஒரு கால் மட்டும் வீங்கி நோவெடுத்தாலோ, மூச்சுத் திணறினாலோ உடனே ஆஸ்பத்திரிக்குச் செல்லுங்கள்.

இந்த ஊசி பெரும்பாலும் ஹெப்பரின் வகையைச் சேர்ந்தது. 1916இல் நாயின் ஈரலிலிருந்து கண்டறியப்பட்டதால் ஈரலைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லே அதற்குப் பெயராயிற்று. இன்று பெரும்பாலும் பன்றிக் குடலிலிருந்தே எடுக்கிறார்கள்.

இதைக் கேட்டதும் உங்கள் மனம் கூசும். அது ஈமானின் கூச்சம். ஆனாலும் அவசரப்பட்டு ஊசியை மறுத்துவிடாதீர்கள். பொருத்தமான வேறு மருந்து உண்டா என டொக்டரிடம் கேளுங்கள். இல்லையென்றால், விருப்பத்தாலோ வரம்பு மீறியோ அன்றி, நிர்ப்பந்தத்துக்கு உள்ளானவர் மீது குற்றமில்லை என்பதே சூரத்துல் பகறாவின் 173ஆம் வசனம் தரும் சட்டம். பிள்ளைக்குத் தாய் வேண்டும். உயிரைக் காப்பதும் மார்க்கக் கடமையே.

அல்லாஹ் நம் தாய்மார் அனைவருக்கும் பூரண சுகத்தைத் தருவானாக!