ஒரு துளை, இரண்டு போர்ட்

மதர்போர்டு, பிராசஸர், ரேம் என்று தனித்தனியாக வாங்கிப் பூட்டிய கணினியில் ஆப்பிளின் மேக்ஓஎஸ் ஓடினால் அதற்கு ஹாக்கின்டோஷ் என்று பெயர். ஆப்பிள் இதற்கு ஆதரவு தருவதில்லை. அதன் உரிம ஒப்பந்தமும் இதை அனுமதிப்பதில்லை. திரையும் ஒலியும் நெட்வொர்க்கும் சரியாகிவிட்ட பிறகும் ஆளைப் படுத்தி எடுப்பது யூஎஸ்பி. யூஎஸ்பி 3 டிரைவ் ஊர்ந்து ஊர்ந்து காப்பி செய்யும். முன்பக்கத் துளை வேலை செய்யாது. ஸ்லீப்பில் போட்ட கணினி அடுத்த நொடியே விழித்துக்கொள்ளும்.

பெரும்பாலும் காரணம் 15 என்ற எண். 2015இல் வந்த எல் கேபிடன் பதிப்பு முதல், ஒரு யூஎஸ்பி கன்ட்ரோலருக்கு 15 போர்ட்டுக்கு மேல் மேக்ஓஎஸ் ஏற்பதில்லை. சாதனம் எங்கே செருகப்பட்டிருக்கிறது என்பதை அது 32 பிட் எண்ணாகக் குறித்துக்கொள்கிறது. அதில் போர்ட் எண்ணுக்குக் கிடைப்பது 4 பிட். 4 பிட்டில் 0 முதல் 15 வரைதான் எழுதலாம். 0 என்றால் போர்ட் இல்லை என்று பொருள்.

பெட்டியைச் சுற்றிப் பார்த்தால் பத்துத் துளை இருந்தாலே அதிகம், பிறகென்ன தட்டுப்பாடு? நீல நிறத் துளை ஒன்றுக்குள் டார்ச் அடித்துப் பாருங்கள். யூஎஸ்பி 2 காலத்து 4 தொடுமுனைகளோடு யூஎஸ்பி 3க்கான 5 தொடுமுனைகளும் தெரியும். துளை ஒன்று, பாதை இரண்டு. ஆகவே அதே துளை எச்எஸ்03 (யூஎஸ்பி 2 பாதை), எஸ்எஸ்03 (யூஎஸ்பி 3 பாதை) என்று இரண்டு போர்ட்டாகக் கணக்கில் ஏறுகிறது. உள்ளே இருக்கும் புளூடூத்துக்கும் ஒன்று போய்விடும். இன்டெலின் இசட்390 சிப்செட்டில் எச்எஸ் 14, எஸ்எஸ் 10. எச்எஸ் வரிசை முன்னால் நிற்பதால் வெட்டு விழுவது எஸ்எஸ் மீது. நொடிக்கு 5 கிகாபிட் போகவேண்டிய டிரைவ் 480 மெகாபிட்டுக்கு இறங்குவது இதனால்தான்.

அசல் மேக்கில் மாடலுக்கு மாடல் போர்ட் பட்டியலை ஆப்பிளே எழுதி வைத்துவிடுகிறது. ஹாக்கின்டோஷில் அதை நாம் எழுதவேண்டும். யூஎஸ்பி மேப்பிங் என்பது இதுதான். ஓப்பன்கோர் பூட்லோடரில் வரம்பைத் தளர்த்தும் வசதி ஒன்று இருந்தாலும், பிக் சர் 11.3 பதிப்புக்குப் பின் அதை நம்பமுடியாது. விண்டோஸில் இந்த வரம்பு கிடையாது என்பதால் அங்கேயே யூஎஸ்பிடூல்பாக்ஸ் என்ற கருவியை ஓட்டி மேப் செய்வதுதான் சுலபம் என்பேன்.

பழைய யூஎஸ்பி 2 பென் டிரைவை ஒரு துளையில் செருகினால் அந்தக் கருவி காட்டும் பட்டியலில் எச்எஸ் வரி ஒன்று உயிர்பெறும். எடுத்துவிட்டு அதே துளையில் யூஎஸ்பி 3 டிரைவைச் செருகினால் அதன் எஸ்எஸ் வரி. இப்படித் துளை துளையாகப் போகவேண்டும். டைப்-சி என்றால் திருப்பியும் செருகிப் பார்க்கவேண்டும்: எஸ்எஸ் எண் மாறாவிட்டால் பட்டியலில் அதற்குக் குறிக்கவேண்டிய வகை எண் 9, மாறினால் 10. சாதாரண யூஎஸ்பி 3 துளைக்கு 3. புளூடூத்துக்கு 255, அதாவது உள்ளிணைப்பு. இதைத் தவறாகக் குறித்தால் ஸ்லீப் கெடும்.

அடுத்தது எதை விடுவது என்ற முடிவு. கீபோர்டும் மவுஸும் நிரந்தரமாக இருக்கும் துளைகளில் எஸ்எஸ்ஸைத் தயங்காமல் நீக்கலாம். டிரைவ் செருகும் முன்பக்கத் துளைகளில் இரண்டையும் வைத்துக்கொள்ளுங்கள். பட்டியல் ஒரு சின்ன கெக்ஸ்ட்டாக, அதாவது மேக்ஓஎஸ் கெர்னலின் நீட்சியாக வரும். அதை ஓப்பன்கோரின் கெக்ஸ்ட்ஸ் ஃபோல்டரில் போட்டு, கான்ஃபிக் கோப்பிலும் சேர்த்து, ரீஸ்டார்ட் செய்யவேண்டும்.

அப்படியும் போதாவிட்டால் ஹப் வாங்கலாம். அதன் துளைகள் அந்த 32 பிட் எண்ணில் அடுத்த 4 பிட்டுக்குப் போய்விடுவதால் இந்தப் பதினைந்தில் கை வைப்பதில்லை. தனி யூஎஸ்பி கார்டு போட்டால் அதன் கன்ட்ரோலருக்கென்றே இன்னொரு 15 கிடைக்கும்.