கத்தரிக்கோல் எழுதிய சரித்திரம்

சினிமாக் கொட்டகையில் அமர்ந்து படம் பார்க்கும் நாம் நடிகரை அறிவோம், பாடகரை அறிவோம், டைரக்டரின் பெயரையும் ஒருவாறு நினைவில் வைத்துக் கொள்கிறோம். துண்டு துண்டாக எடுத்த பிலிமைக் கத்தரித்து, ஒட்டி, முழுப் படமாக்கித் தரும் எடிட்டரை நினைப்பவர் யார்? அந்தத் தொழிலைக் கொண்டே ஒரு சாம்ராஜ்யத்தின் வீழ்ச்சியைக் கண்முன் நிறுத்தியவர் ருஷ்ய தேசத்து எஸ்பிர் ஷூப் அம்மையார்.

1894-ல் பிறந்த இவர், 1922-ல் சோவியத் சர்க்காரின் படத் தொழில் ஸ்தாபனமாகிய கோஸ்கினோவில் வேலைக்கு அமர்ந்தார். அந்நிய நாட்டுப் படங்களைத் தம் நாட்டாருக்கு ஏற்றபடி வெட்டி மாற்றியமைப்பதே இவருக்கு இட்ட பணி. 1924-ல் ஜெர்மானியப் படமாகிய 'டாக்டர் மபூஸே'யை இவர் திருத்தியபோது, பின்னாளில் உலகப் புகழ் பெற்ற ஐஸன்ஸ்டைன் உடனிருந்து உதவினார். முன்னும் பின்னும் எதை வைக்கிறோமோ அதற்கேற்ப ஒரே காட்சியின் பொருள் மாறிவிடும் என்பதை அம்மையார் இங்கேதான் நன்கு கண்டறிந்தார்.

ஜார் ஆட்சி கவிழ்ந்த பத்தாம் ஆண்டு நெருங்கிற்று. பழைய பிலிம்களைத் தேடி அம்மையார் லெனின்கிராட் சென்றார். அவற்றுள் பல ஈரம் கசிந்த நிலவறைகளில் கேட்பாரற்றுக் கிடந்தன. அரண்மனைக்கென எடுக்கப்பட்ட படங்களும் அவற்றில் இருந்தன. இரண்டே மாதங்களில் 60,000 மீட்டர் பிலிமைப் பார்வையிட்டு, 5,200 மீட்டரைத் தேர்ந்தெடுத்தார். அதிலிருந்து சுமார் 1,500 மீட்டரில் உருவாயிற்று, 1927-ல் வெளிவந்த 'ரோமனாவ் வமிசத்தின் வீழ்ச்சி.'

அரச குடும்பத்தின் பெருமைக்காக எடுத்த படங்களே அதன் மீது சாட்சி சொல்ல வந்ததுதான் வியப்பு. கப்பல் தளத்தில் சீமான்களும் சீமாட்டிகளும் நடனமாடி வியர்வையைத் துடைத்துக் கொள்கிறார்கள். அடுத்த கணம், மண் வெட்டும் குடியானவர்கள் வியர்வை சிந்தி நிற்கிறார்கள். இரண்டும் மெய்யான காட்சிகள். அருகருகே வைத்தது மட்டுமே அம்மையாரின் செயல்.

ஆயினும், இதில் ஓர் எச்சரிக்கையும் உண்டு. துண்டுகள் மெய்யாக இருந்தாலும், கோத்த கை ஒரு கட்சியைச் சார்ந்ததாக இருக்கக்கூடும். இப்படமும் சர்க்காரின் கொள்கைக்கு உகந்த சரித்திரமே. ஆனால், காட்சிகளை அவசரமாக நறுக்காமல், பார்ப்பவர் நின்று ஆராயும்படி நீளமாக விட்டது இவருடைய தனிப் பண்பு.

1928-ல் டால்ஸ்டாயின் நூற்றாண்டு விழாவுக்குப் படம் செய்யப் புகுந்தார். அம்மகானைக் காட்டும் பிலிம் மிகச் சொற்பமே கிடைத்தது. ஆகவே, அக்காலத்து ருஷ்யாவையும் சேர்த்துக் கொண்டு, 'இரண்டாம் நிக்கலஸின் ருஷ்யாவும் லியோ டால்ஸ்டாயும்' என்று படத்தை அமைத்தார். 1939-ல் ஸ்பெயின் நாட்டு உள்நாட்டுப் போரின் காட்சிகளைத் தொகுத்தளித்தார். 1959-ல் காலமானார்.

எத்தனை தேர்ந்த கையானாலும், இல்லாத பிலிமை ஒட்ட முடியாது. இன்று பயனற்றதென நாம் ஒதுக்கும் பழைய பெட்டிக்குள் நாளைய தலைமுறையின் சரித்திரம் உறங்கிக் கொண்டிருக்கலாம். அதை ஈரமும் அசட்டையும் தின்னவிடாமல் காப்பது நம் கடமையல்லவா?